செட் டெகரேஷன் வேலைக்கு வர நினைப்பவர்களுக்கு: அறையை நிரப்புவதும் காலி செய்வதும்

சினிமாவில் ஒரு வீட்டைக் காட்டுகிறார்கள். மேசைமேல் பாதி படித்துக் கவிழ்த்து வைத்த புத்தகம், நாற்காலி முதுகில் காயும் துண்டு, சுவரில் அரை அங்குலம் சாய்ந்து தொங்கும் படம். பல வருடமாக யாரோ குடியிருக்கும் வீடு போலவே இருக்கிறது. இரண்டு நாள் முன்பு அது வெறும் பிளைவுட் சுவர். அந்தப் புத்தகத்தையும் துண்டையும் ஒருவர் யோசித்து, தேடிப் பிடித்து, வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்து, படத்தை வேண்டுமென்றே சாய்த்து மாட்டியிருக்கிறார். படப்பிடிப்பு முடிந்த ராத்திரி அதே குழு எல்லாவற்றையும் எண்ணி, துடைத்து, சுற்றிக் கட்டி, வந்த இடத்துக்கே திருப்பி அனுப்பியிருக்கும்.

இதுதான் செட் டெகரேஷன். ரசனை ஒன்று இருந்தால் போதும் என்று நினைத்து இறங்குகிறவர்கள் நிறைய. ரசனை வேண்டும், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் அடுத்த படத்துக்கும் உங்களைக் கூப்பிடுவார்களா என்பது பெரும்பாலும் நீங்கள் பொருளை எப்படித் திருப்பிக் கொடுத்தீர்கள் என்பதில் இருக்கிறது. அந்தப் பக்கத்தையும் சேர்த்தே சொல்கிறேன்.

முதலில், எது உங்கள் வேலை?

படத்தின் மொத்தத் தோற்றத்துக்கும் பொறுப்பு புரொடக்‌ஷன் டிசைனர். அவருக்குக் கீழே ஆர்ட் டைரக்டர் வரைபடம், கட்டுமானம் இவற்றைப் பார்த்துக்கொள்வார். சுவர் எழும்பி, பெயின்ட் காய்ந்த பிறகு உள்ளே வரும் எல்லாம் செட் டெகரேட்டருடையது. மேசை, நாற்காலி, திரைச்சீலை, விளக்கு, தரைவிரிப்பு, அலமாரிப் புத்தகம், குப்பைக் கூடை, கூடைக்குள் கசங்கிய காகிதம். அமெரிக்காவில் வேடிக்கையாக ஒரு கணக்கு சொல்வார்கள்: செட்டைத் தலைகீழாகப் பிடித்து உலுக்கினால் எதெல்லாம் விழுமோ அதெல்லாம் டெகரேட்டர் வேலை.

ஒரு விதிவிலக்கு உண்டு. நடிகர் கையில் எடுத்துப் பயன்படுத்தும் பொருள் பிராப்பர்ட்டி பிரிவுக்குப் போய்விடும். மேசைமேல் சும்மா இருக்கும் தொலைபேசி உங்களுடையது. கதாநாயகன் அதை எடுத்துப் பேசினால் பிராப் மாஸ்டருடையது. பக்கத்தில் எரியும் விளக்கைக் கொண்டுவருவது நீங்கள். அதற்கு மின்சாரம் கொடுப்பது எலெக்ட்ரிக்கல் ஆட்கள். இந்த எல்லைகளை முன்கூட்டியே பேசிக்கொள்ளாவிட்டால் என்ன நடக்கும் தெரியுமா? அவர் கொண்டுவருவார் என்று இவர், இவர் கொண்டுவருவார் என்று அவர். கடைசியில் மேசைமேல் தொலைபேசியே இருக்காது. புதிதாக வருகிறவர் கூட்டத்தில் கூச்சப்படாமல் கேட்கக்கூடிய நல்ல கேள்வி, 'இது யார் கணக்கு?' என்பதுதான்.

டெகரேட்டர் பெயர் வெளியே அதிகம் தெரியாது. ஆனால் ஆஸ்காரில் புரொடக்‌ஷன் டிசைன் விருதைப் புரொடக்‌ஷன் டிசைனரும் செட் டெகரேட்டரும் சேர்ந்துதான் வாங்குகிறார்கள். அந்த விருதுக்கு 2012-ல்தான் இந்தப் பெயர் வந்தது, அதற்கு முன் ஆர்ட் டைரக்‌ஷன். எட்வின் வில்லிஸ் என்ற டெகரேட்டர் 8 முறை வாங்கியிருக்கிறார். நான்சி ஹேய் 1991-ல் வந்த ஒரு படத்துக்கும் 2019-ல் வந்த ஒரு படத்துக்கும் வாங்கினார். நடுவில் 28 வருடம். இது வயதாக ஆகக் கை தேறும் வேலை என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

குழுவில் யார் யார்? டெகரேட்டருக்கு அடுத்து உதவி டெகரேட்டர். கடை கடையாக ஏறி இறங்கிப் பொருள் பிடிப்பவர் பையர். வண்டி, ஆட்கள், நேரம் மூன்றையும் ஓட்டுபவர் லீட்மேன். அவருக்குக் கீழே தூக்கி, மாட்டி, அடுக்குபவர்கள் செட் டிரெஸ்ஸர்கள். இவர்களில் ஒரு கூட்டம் படப்பிடிப்புக் குழு வருவதற்கு முன்பே போய் செட்டைத் தயார் செய்துவிட்டு, அவர்கள் கிளம்பிய பிறகு பிரிக்கும்; அமெரிக்காவில் இவர்களை ஸ்விங் கேங் என்பார்கள். கேமராவுக்குப் பக்கத்திலேயே நிற்பவர் ஆன்-செட் டிரெஸ்ஸர். சின்னப் படங்களில் இத்தனை பேரும் ஒரே ஆளாக இருப்பார், அது நீங்களாகவும் இருக்கலாம்.

உள்ளே போகும் வழி

பெரும்பாலானவர்கள் டிரெஸ்ஸராகவோ ஆர்ட் டிபார்ட்மென்ட் உதவியாளராகவோதான் நுழைகிறார்கள். திரைப்படக் கல்லூரியில் படித்தால் நல்லது. பிரிட்டனின் தேசியத் திரைப்பட, தொலைக்காட்சிப் பள்ளி போன்ற இடங்களில் புரொடக்‌ஷன் டிசைனுக்குத் தனி முதுகலைப் படிப்பே இருக்கிறது. ஆனால் சான்றிதழ் கேட்டு யாரும் ஆள் எடுப்பதில்லை. நாடக மேடை, கடை ஜன்னல் அலங்காரம், விளம்பரப் புகைப்படம், மேசை நாற்காலி விற்கும் கடை, இப்படி எங்கிருந்தும் வரலாம். பழைய சாமான் கடையில் வேலை பார்த்தவர் ஒருவரும் கட்டடக்கலை பட்டதாரி ஒருவரும் ஒரே செட்டுக்கு வந்தால், முதல் வாரம் எனக்குப் பழைய சாமான் கடைக்காரரே உதவுவார். எந்த நாற்காலியின் கால் ஆடும் என்று பார்த்தவுடன் சொல்லிவிடுவார்.

முதலில் மாணவர் குறும்படங்களில் வேலை செய்யுங்கள். மூன்று நான்கு செய்தால் போதும், அதற்கு மேல் சும்மா உழைக்காதீர்கள். ஒவ்வொரு செட்டிலும் காலி அறையை ஒரு படம், அலங்கரித்த பிறகு அதே கோணத்தில் ஒரு படம் எடுத்து வையுங்கள். பக்கத்தில் இரண்டு வரி: எத்தனை நாள், எத்தனை பேர், எதை வாடகைக்கு எடுத்தீர்கள், எதைக் கையால் செய்தீர்கள். இதுதான் உங்கள் போர்ட்ஃபோலியோ. படத்திலிருந்து எடுத்த அழகான காட்சிகளை மட்டும் காட்டினால் பார்ப்பவர் ஒளிப்பதிவாளரைத்தான் பாராட்டுவார்.

கூடவே கற்றுக்கொள்ள வேண்டியவை சில. தரை வரைபடம் படிக்கத் தெரிய வேண்டும். அமெரிக்க முறையில் கால் அங்குலம் ஓர் அடிக்குச் சமம், அதாவது 1:48. மெட்ரிக் முறையில் பெரும்பாலும் 1:50. ஆறடி சோபாவை வரைபடத்தில் வைத்துப் பார்க்காமல் ஏற்றிவிட்டு, வாசல் நிலையில் அது நுழையாமல் நிற்பதைப் பார்க்கும் அனுபவம் ஒருமுறை எல்லோருக்கும் வரும். ஸ்கெட்ச்அப் என்ற முப்பரிமாண வரைபட மென்பொருள் தெரிந்தால் வசதி. எக்செல் தெரியாமல் முடியாது.

கைப்பையில் அளவு டேப், காஃபர் டேப், கத்தரி, ஸ்டேப்ளர் துப்பாக்கி, ஸ்குரூ டிரைவர் செட், ரசமட்டம், கையுறை, தூண்டில் நரம்பு, ஜிப் டை, மார்க்கர், துணிக் கந்தல். மியூசியம் வாக்ஸ் ஒரு டப்பா. ஆடும் பொம்மையையோ நிற்க மறுக்கும் தட்டையோ தடம் தெரியாமல் பிடித்து நிறுத்த அதைவிட நல்லது இல்லை.

உடம்பைப் பற்றியும் ஒரு வார்த்தை. இது பாரம் தூக்கும் வேலை. முழங்காலை மடக்கித் தூக்குங்கள், தனியாகத் தூக்க முடியாததைத் தூக்காதீர்கள், முன்பக்கம் மூடிய கெட்டியான ஷூ போடுங்கள். இடுப்பு போனால் தொழில் போயிற்று. ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் நடுவில் மாதக்கணக்கில் இடைவெளி விழலாம் என்பதால், சம்பளம் வரும்போதே அதற்கென்று ஒரு பங்கை ஒதுக்கிவிடுங்கள்.

ஸ்கிரிப்டைப் பிரிப்பது

உண்மையான வேலை இங்கேதான் தொடங்குகிறது. ஒரு காட்சி இப்படி எழுதப்பட்டிருக்கிறது என்று வைத்துக்கொள்வோம்:

*உள்ளே. தந்தையின் அறை. இரவு. மூன்று வருடம் கழித்து மகள் கதவைத் திறக்கிறாள். எதுவும் மாறவில்லை. மேசையிலிருந்து அவருடைய மூக்குக்கண்ணாடியை எடுக்கிறாள்.*

ஸ்கிரிப்டில் ஒரு பக்கத்தை எட்டாகப் பிரித்து எண்ணுவது வழக்கம். இந்தக் காட்சி அதில் ஒரே ஒரு பங்குதான், அதாவது பக்கத்தில் எட்டில் ஒன்று. படமாக்க இரண்டு மணி நேரம் ஆகலாம். அலங்கரிக்க இரண்டு நாள் ஆகும்.

புதியவர் எழுதும் பட்டியல்: மேசை, நாற்காலி, கட்டில், கண்ணாடி. அனுபவசாலி பட்டியலுக்கு முன் கேள்வி எழுதுவார். மூன்று வருடம் யாருமே உள்ளே போகவில்லையா, அல்லது யாரோ தினமும் பெருக்கித் துடைத்து, ஆனால் எதையும் இடம் மாற்றாமல் காப்பாற்றினார்களா? முதலாவது என்றால் தூசி, மூன்று வருடம் முந்தைய மாதத்தில் நின்றுவிட்ட நாட்காட்டி, வெயில் பட்டு ஒருபக்கம் வெளுத்த திரைச்சீலை. இரண்டாவது என்றால் பளபளக்கும் மேசை, நேராக மடித்து வைத்த கண்ணாடி, புதிதாகத் துவைத்த தலையணை உறை. 'எதுவும் மாறவில்லை' என்ற அதே இரண்டு சொல்லுக்குள் கைவிட்ட வீடும் இருக்கிறது, மறக்க முடியாத அம்மாவும் இருக்கிறாள். இதை இயக்குநரிடம் கேளுங்கள். கேட்டால் கோபித்துக்கொள்ள மாட்டார், பல சமயம் அவரே அதை முடிவு செய்திருக்க மாட்டார்.

சரி, தூசி என்று முடிவாகிறது. முல்தானி மட்டியைச் சலித்துத் தூவுவோம். சினிமா வட்டாரத்தில் ஃபுல்லர்ஸ் எர்த் என்பார்கள். மேலே இருந்து சல்லடையால் தூவினால் படுத்த பரப்பில் மட்டும் படியும். வீட்டுத் தூசியும் அப்படித்தான் படிகிறது. நிற்கும் பரப்பில் அப்பிவிட்டால் உடனே பொய் தெரியும். தூவும்போது முகமூடி போட்டுக்கொள்ளுங்கள்.

இப்போது அந்தக் கடைசி வரி. மகள் கண்ணாடியை எடுக்கிறாள். எடுத்த இடத்தில், தூசிக்கு நடுவே, கண்ணாடியின் வடிவத்தில் சுத்தமான தடம் இருக்க வேண்டும். ஒளிப்பதிவாளர் அதற்கு நிச்சயம் ஒரு க்ளோசப் வைப்பார். ஒவ்வொரு டேக்குக்கும் தடத்தை அழித்து, மறுபடி கண்ணாடியை வைத்து, மறுபடி தூவ வேண்டும். அப்படியானால் கண்ணாடி பிராப் மாஸ்டருடையது, தூசி உங்களுடையது, இரண்டு பேரும் சேர்ந்து வேலை செய்தாக வேண்டும். கேமராவுக்குப் பக்கத்தில் சல்லடையோடு ஓர் ஆள் நிற்க வேண்டும். இது அத்தனையும், காட்சிக்கு என்னென்ன வேண்டும் என்று பிரித்து எழுதும் பிரேக்டவுன் தாளில் போக வேண்டும்.

இன்னும் இருக்கிறது. ஸ்கிரிப்டில் நாற்பதாம் பக்கத்தில் யாரோ ஒருவர் போகிற போக்கில் சொல்கிறார், அப்பா கைக்கடிகாரம் பழுது பார்ப்பவர் என்று. உடனே மேசை மாறுகிறது. கண்ணில் பொருத்தும் பூதக்கண்ணாடி, இடுக்கி, திருகாணிகள் கிடக்கும் சின்னத் தட்டு, மேலே ஒரு விளக்கு. விளக்கு எந்தப் பக்கம்? வலக்கைக்காரர் என்றால் இடப்பக்கம், அப்போதுதான் கை நிழல் வேலைமேல் விழாது. முந்தைய காட்சியில் அப்பாவாக நடித்தவர் இடக்கைக்காரர் என்றால் விளக்கை மாற்று. பார்ப்பவர் ஒருவர்கூட இதைக் கவனித்துச் சொல்ல மாட்டார். ஆனால் தப்பாக இருந்தால் அந்த மேசையில் யாரும் வேலை செய்ததில்லை என்பது எப்படியோ எல்லோருக்கும் தெரிந்துவிடும். கடிகாரக்காரர் அறையில் சுவர்க் கடிகாரம் நின்றிருப்பது எனக்குக் கொஞ்சம் ஓவராகப் படும். இயக்குநர்கள் அதை விடவே மாட்டார்கள்.

பழைய காலக் கதை என்றால் இன்னொரு அடுக்கு சேரும். ஸ்விட்ச், பிளக், மின்கம்பி, கதவுக் கைப்பிடி இவைதான் காட்டிக்கொடுக்கும். சோபாவைச் சரியான வருடத்தில் பிடித்துவிட்டு, பின்னால் புத்தம் புதிய ஸ்விட்ச் போர்டை விட்டுவிடுவார்கள். அப்புறம், ஒரு வருடத்தில் நடக்கும் கதையில் எல்லாச் சாமானும் அதே வருடத்தில் வாங்கியதாக இருக்காது. நம் வீட்டிலும் பாதிப் பொருள் இருபது வருடம் முந்தையதுதானே.

பணமும் பட்டியலும்

பிரேக்டவுன் முடிந்ததும் ஒவ்வொரு பொருளுக்கு நேராகவும் நான்கு சொல்லில் ஒன்றை எழுதுங்கள்: வாடகை, விலை, செய்வது, இரவல். வாடகை பெரும்பாலும் வாரக் கணக்கு. வார வாடகை விலையில் பத்தில் ஒரு பங்கு என்றால், பத்து வாரத்துக்கு மேல் தேவைப்படும் பொருளை வாங்கிவிடுவதே லாபம். அதனால்தான் தொலைக்காட்சித் தொடரில் வாரா வாரம் வரும் நிரந்தர செட்டுக்குப் பொருளை வாங்குகிறார்கள். ஒரே ஓர் எபிசோடுக்கு வந்து போகும் செட்டுக்கு வாடகை.

உடையும் பொருளை ஒன்றாக எழுதாதீர்கள். காட்சியில் ஒரு குவளை உடைகிறது என்றால் டேக் கணக்கில் வேண்டும், ஒத்திகைக்குத் தனி. இவை ஒரே அச்சாக இருக்க வேண்டும் என்பதால் கடையில் ஒரே ஒரு குவளை அழகாக இருப்பதைப் பார்த்து மயங்காதீர்கள், எத்தனை இருப்பு இருக்கிறது என்று முதலில் கேளுங்கள். நடிகர் மேல் விழும் கண்ணாடிக்கு ரெசினில் வார்த்த பிரேக்அவே கண்ணாடி.

ரசீதை அன்றன்றைக்கே ஒட்டுங்கள், பின்னால் எந்த செட், எந்தப் பொருள் என்று எழுதுங்கள். இதைவிட இதில் சொல்ல ஒன்றும் இல்லை. செய்யாதவர்கள் வாரக் கடைசியில் சட்டைப் பையைத் துழாவுவார்கள்.

தேடிப் பிடிப்பது

பிராப் ஹவுஸ் எனப்படும் வாடகைக் கிடங்குகள், பழைய சாமான் கடை, ஏலம், தெரிந்தவர் வீட்டுப் பரண். எங்கே போனாலும் பொருளைப் படம் எடுக்கும்போது அளவு டேப்பை விரித்துப் பக்கத்தில் வைத்து எடுங்கள். நீளம், அகலம், உயரம், விலை, கடைக்காரர் எத்தனை நாள் பிடித்து வைப்பார் என்ற விவரம், எல்லாம் அந்த ஒரே படத்தின் கீழே. மாலையில் டெகரேட்டர் முன்னால் நாற்பது படத்தை வைத்து 'இதில் எது?' என்று கேட்கும்போது, அளவில்லாத படம் குப்பை.

ஒவ்வொன்றுக்கும் இரண்டு மாற்று வைத்திருங்கள். இயக்குநர் பச்சைச் சோபா வேண்டாம் என்பார். காரணம் கேட்காதீர்கள். சில சமயம் கதாநாயகியின் உடை பச்சையாக இருக்கும், சில சமயம் பின்னால் பச்சைத் திரை போட்டு கிராஃபிக்ஸ் செய்யப் போகிறார்கள்.

அனுமதி இல்லாத படத்தை மாட்டாதீர்கள்

புதியவர்கள் அதிகம் வழுக்கி விழும் இடம் இது. சுவரில் மாட்டும் ஓவியம், போஸ்டர், புகைப்படம், புத்தக அட்டை எல்லாவற்றுக்கும் ஓர் உரிமையாளர் இருக்கிறார். கடையில் காசு கொடுத்து வாங்கியதால் வீட்டில் மாட்டலாம், திரையில் காட்ட உரிமை வந்துவிடாது. ஃபெய்த் ரிங்கோல்ட் என்ற அமெரிக்க ஓவியர், துணிப் போர்வையில் ஒரு கதையை ஓவியமாகச் சொல்லியிருந்தார். அதன் போஸ்டரை ஒரு தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரின் செட்டில் மாட்டினார்கள். ஒன்பது முறை, துண்டு துண்டாக, மொத்தம் 26.75 விநாடிதான் திரையில் தெரிந்தது. அவர் வழக்குப் போட்டார். கண்டுகொள்ளத் தேவையில்லாத அளவு சின்ன விஷயம் இது என்ற வாதத்தை 1997-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்கவில்லை. அது அலங்காரத்துக்காகவே மாட்டப்பட்டது, அலங்காரமாகவே தெரிந்தது என்று சொல்லிவிட்டது. நம் தொழிலின் நோக்கமே அங்கே எதிர்வாதமாக நின்றது.

அதனால் அனுமதி பெற்ற ஓவியங்களை வாடகைக்குத் தரும் இடங்களில் எடுங்கள், அல்லது குழுவிலேயே ஒருவரை வரையச் சொல்லி எழுத்தில் அனுமதி வாங்குங்கள். டப்பா, பாட்டில்களில் உள்ள கம்பெனிப் பெயரை மறைக்கவோ மாற்று லேபிள் ஒட்டவோ வேண்டியிருக்கும். தொலைபேசி எண்ணும் அப்படித்தான். வட அமெரிக்காவில் 555-0100 முதல் 555-0199 வரையிலான எண்களைக் கற்பனைக்கென்றே ஒதுக்கியிருக்கிறார்கள். கடைப் பலகையில் நீங்களாக ஓர் எண்ணை எழுதினால், படம் வெளியான அன்று யாரோ ஒருவர் தூக்கத்தைத் தொலைப்பார்.

அலங்கரிக்கும் நாள்

வண்டியில் ஏற்றும்போதே கடைசியில் தேவைப்படுவது முதலில் உள்ளே போக வேண்டும். தரைவிரிப்பு வண்டி வாசலில், பொம்மைகள் அடியாழத்தில். இறக்கியவுடன் தரைவிரிப்பு, பிறகு பெரிய சாமான், திரைச்சீலை, விளக்கு, சுவரில் மாட்டுபவை, கடைசியாகச் சின்னப் பொருள்கள். வழியில் கிடக்கும் நாற்காலியைச் சுற்றிச் சுற்றிப் போய் விரிப்பை விரித்துக்கொண்டிருந்தால் லீட்மேன் உங்களைப் பார்க்கும் பார்வையே வேறாக இருக்கும்.

வைத்துவிட்டு நிமிர்ந்து பார்க்காதீர்கள். கேமரா எங்கே நிற்கப் போகிறது என்று கேட்டு, அந்த உயரத்துக்குக் குனிந்து பாருங்கள். கண்ணுக்கு நெருக்கமாகத் தெரியும் அலமாரி, லென்ஸ் வழியே காலியாகத் தெரியலாம். கண்ணுக்கு அழகான மெல்லிய கோடு போட்ட துணி, டிஜிட்டல் கேமராவில் நெளியும். தூய வெள்ளை கண்ணைக் கூசச் செய்யும், அதனால் வெள்ளைத் துணியைத் தேயிலைத் தண்ணீரில் முக்கிப் பழுப்பேற்றுவது பழைய வழக்கம். பளபளக்கும் பிரேம் கேமராவையும் விளக்கையும் பிரதிபலிக்கும். சட்டத்தை லேசாகக் கீழ்நோக்கிச் சாய்க்கலாம், பின்னால் ஒரு கார்க் துண்டு செருகினால் போதும். இல்லையென்றால் டல்லிங் ஸ்பிரே, ஆனால் வாடகைப் பொருளில் கேட்காமல் அடிக்காதீர்கள்.

செட்டில் எரியும் விளக்கின் பல்பையும் எலெக்ட்ரிக்கல் ஆட்களிடம் கேட்டே போடுங்கள். ஒளிப்பதிவாளர் டங்ஸ்டன் ஒளியான 3200 கெல்வினில் வேலை செய்கிறாரா, பகல் ஒளியான 5600 கெல்வினிலா என்பதைப் பொறுத்து அது மாறும். மலிவான எல்இடி பல்பு நம் கண்ணுக்கு ஒழுங்காக எரியும், கேமராவில் படபடக்கும். திரைச்சீலைக்குத் தீ பிடிக்காத மருந்து அடித்திருக்கிறதா என்று பார்ப்பதும் உங்கள் பொறுப்பு. பக்கத்திலேயே சூடான விளக்குகள் நிற்கும்.

எல்லாம் முடிந்த பிறகு கொஞ்சம் கலைத்து விடுங்கள். புதியவர்கள் வைக்கும் அறை எப்போதும் ஹோட்டல் அறை போல இருக்கும். கண்காட்சிக்கு வைத்தது போலச் சம இடைவெளியில் மூன்று பொம்மை, அளவெடுத்தது போல மூன்று புத்தகம். நாற்காலியில் ஒருமுறை உட்கார்ந்து எழுந்திருங்கள், அது எங்கே நகர்ந்ததோ அங்கேயே விடுங்கள். மேசை இழுப்பறையையும் காலியாக விடாதீர்கள். ஸ்கிரிப்டில் இல்லாவிட்டாலும் நடிகர் ஒரு டேக்கில் சட்டென்று திறப்பார். அப்போது உள்ளே நான்கு பழைய பில்லும் ஒரு ரப்பர் பேண்டும் இருந்தால் அவர் அன்று முழுக்க உங்களை நண்பராக நினைப்பார்.

கேமரா ஓடும்போது

ஆன்-செட் டிரெஸ்ஸராக நின்றால் ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னும் பின்னும் படம் எடுங்கள். இந்தக் கோணத்துக்கு மேசை இடைஞ்சல் என்று இரண்டடி நகர்த்துவார்கள். நகர்த்துவதற்கு முன் காலடியில் டேப்பால் குறி போடாவிட்டால், அடுத்த கோணத்தில் அது வேறு வீட்டு மேசையாகிவிடும். குறியும் கேமராவில் தெரியக் கூடாது.

நாளைக்கும் இதே செட்டில் தொடரப்போகிறார்கள் என்றால் 'ஹாட் செட்' என்று எழுதிக் குறுக்கே டேப் கட்டுவார்கள். அதன் பொருள், எதையும் தொடாதே, உட்காராதே, தண்ணீர்ப் பாட்டிலை வைக்காதே. படப்பிடிப்புக் குழுவில் அசதியான ஒருவர் அந்தக் கட்டிலில் ஐந்து நிமிடம் சாய்ந்து எழுந்தால், கசங்கிய விரிப்பை நேற்றைய படத்தைப் பார்த்துச் சரியாக்க உங்களுக்கு முக்கால் மணி நேரம்.

இயக்குநருக்குக் காட்சி பற்றி நேரடியாக யோசனை சொல்லாதீர்கள். டெகரேட்டரிடம் சொல்லுங்கள். 'ரோலிங்' என்ற குரல் கேட்டால் கையில் சுத்தியல் இருந்தாலும் அப்படியே நில்லுங்கள்.

காலி செய்வது

கடைசி ஷாட் முடிந்தது, எல்லோரும் கை தட்டினார்கள். உங்களுக்கு இப்போதுதான் பாதி முடிந்திருக்கிறது.

முதலில் கேளுங்கள்: இந்த செட்டில் மறுபடி படமெடுக்க வாய்ப்பு உண்டா? உண்டு என்றால் முக்கியமான பொருள்களைத் தனியாக எடுத்து வைக்கச் சொல்வார்கள். மீதியைப் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு பிரியுங்கள். வந்த கடை வாரியாக, ஒரே கடைப் பொருள் ஒரே மூலையில். ஒவ்வொரு பொருளையும் நாலாபக்கமும் படம் எடுங்கள். வந்தபோதும் இப்படி எடுத்திருந்தால், இந்தக் கீறல் ஏற்கெனவே இருந்தது என்று காட்ட முடியும். எடுக்காவிட்டால் அந்தக் கீறல் உங்களுடையது. உடைந்தது, தொலைந்தது எதுவாக இருந்தாலும் கிடங்குக்காரர் கண்டுபிடிப்பதற்கு முன் நீங்களே சொல்லிவிடுங்கள்.

நான் டிரெஸ்ஸராக இருந்த ஆரம்ப நாட்களில் ஒரு கிடங்கிலிருந்து பழைய எழுது மேசை எடுத்திருந்தோம். இழுப்பறைக்குப் பித்தளைச் சாவி, சுண்டுவிரல் நீளம் கூட இல்லை. படப்பிடிப்பில் இழுப்பறை பூட்டிக்கொண்டு விடக் கூடாதே என்று நான்தான் அதை எடுத்துச் சட்டைப் பையில் போட்டேன். ராத்திரி இரண்டு மணிக்கு மேசையைப் போர்வையில் சுற்றி, கயிறு கட்டி, ஒரு கீறல் இல்லாமல் வண்டியில் ஏற்றினேன். பெருமையாக இருந்தது. மறுநாள் கிடங்கிலிருந்து போன்: சாவி எங்கே? அதற்குள் சட்டை துவைக்கப் போய், சாவி எங்கோ விழுந்து, கிடைக்கவே இல்லை. அந்தப் பழைய பூட்டுக்குச் சாவி வெட்டத் தெரிந்த ஆளைத் தேடவே நான்கு நாள். அவர் கேட்ட கூலி மேசையின் ஒரு வார வாடகையைத் தாண்டியது. லீட்மேன் திட்டவில்லை. அடுத்த இரண்டு படத்துக்குக் கூப்பிடவும் இல்லை.

அன்றிலிருந்து சாவி, திருகாணி, கண்ணாடி மூடி, விளக்கின் உச்சிக் குமிழ் என்று கழன்று வரும் எதையும் உறையில் போட்டு, பொருளின் பெயர் எழுதி, அந்தப் பொருளின் அடியிலேயே டேப்பால் ஒட்டிவிடுகிறேன். கையிலோ பையிலோ வைப்பதில்லை. பிறகு அதே கிடங்குக்கு ஒரு நாள் போனேன். பொருளை எடுத்துக் கொடுத்தவருக்கு என்னை நன்றாக ஞாபகம் இருந்தது. மேசையின் இழுப்பறையைத் திறந்து, புதுச் சாவியை என் முகத்துக்கு நேரே ஆட்டிக் காட்டி, சிரிக்காமல் ரசீதில் தனி வரியாக எழுதினார்: சாவி, ஒன்று.